ஐந்து மணித் தட்டு

செங்காட்டுப்புதூரில் காலை பதினொரு மணிக்குச் சாயங்காலம் ஐந்து மணி வந்த முதல் நாள் ஒரு செவ்வாய்க்கிழமை. அன்றுதான் மாராத்தாள் தன் மைக் செட் கடையின் கூம்பு ஸ்பீக்கரைத் தெருப்பக்கம் திருப்பிவைத்து, தானே வெட்டிய ரிக்கார்டை ஊர் கேட்கும்படி முதல் தடவையாகப் போட்டாள். பாட்டு பாதிகூட ஓடியிருக்காது, உச்சிக்கு ஏறிக்கொண்டிருந்த சூரியன் எதையோ மறந்துவிட்டு வந்தவனைப்போல விறுவிறுவென்று மேற்கே இறங்கி மில் புகைபோக்கிக்குப் பக்கத்தில் போய் நின்றுகொண்டது, காக்கைகள் புளியமரத்துக்குத் திரும்பின, மல்லிகை மொட்டுகள் கட்டுவதற்கு ஆளில்லாமல் கொடியிலேயே விரிந்தன, மரகதவல்லி மில்லின் கேட் திறந்து எண்ணூறு பேர் சோற்றுத் தூக்குப்போசியை ஆட்டிக்கொண்டு வெளியே வந்தார்கள். யாரும் வாயைப் பிளக்கவில்லை. வீட்டிலிருந்த பெண்களுக்கு மட்டும் கோபம் வந்தது, ஏனென்றால் மத்தியானச் சோறே இன்னும் வடித்திருக்கவில்லை.

மாராத்தாளுக்கு அப்போது நாற்பத்திரண்டு வயது. அவள் புருஷன் ஆம்ப்ளிஃபயருக்கு வால்வு வாங்கி வருகிறேன் என்று பம்பாய்க்கு ரயிலேறியவன், நாலு வருஷமாக வால்வு தேடிக்கொண்டிருந்தான். அவளும் அவனைத் தேடவில்லை. கல்யாணத்துக்கும் காதுகுத்துக்கும் செட் கட்டி, கூம்புக் குழாயைத் தென்னை மரத்தில் ஏற்றி இறக்கி, கடையைத் தன் கைக்குக் கொண்டுவந்திருந்தாள். அவளிடம் ஒரு கெட்ட பழக்கம் இருந்தது. யார் பேசினாலும் என்ன பேசுகிறார்கள் என்று கேட்க மாட்டாள், எப்படிப் பேசுகிறார்கள் என்றுதான் கேட்பாள். மில்லில் புது மெசின் மாட்ட வந்த வெள்ளைக்கார மேஸ்திரி ஊருக்குப் போகும்போது விட்டுவிட்டுப்போன நாலு ரிக்கார்டுகளை அவள் அப்படித்தான் கேட்டாள். ராக் அண்ட் ரோல் என்று அட்டையில் போட்டிருந்தது. பாஷை புரியவில்லை. ஆனால் பாடுகிறவன் வீடு தீப்பிடித்ததைச் சந்தோஷமாகச் சொல்லுகிறவன்போலக் கத்திக்கொண்டிருந்தான். 'இது நம்ம மில்லுக்காரனுக கத்தலாச்சே' என்று மாராத்தாள் நினைத்தாள், அன்றிலிருந்து அவளுக்கு இருப்புக்கொள்ளவில்லை.

செங்காட்டுப்புதூர் முழுக்கக் கத்தல்தான். நூற்புக் கூடத்தில் நூறு மெசின் ஓடும் இரைச்சலில் எட்டு மணிநேரம் பேசிப் பழகியவர்கள் வீட்டுக்கு வந்தும் அதே தொண்டையில்தான் உப்புக் கேட்பார்கள், ரகசியம் சொல்வார்கள், குழந்தையைத் தூங்க வைப்பார்கள். அந்தக் கத்தல்களுக்கு நடுவில் ஒரு கத்தலை மாராத்தாள் மில் கேட்டில் கண்டுபிடித்தாள். மருதாசலம் என்று பெயர், இருபத்தாறு வயது, அறுந்த இழையை ஒட்டும் வேலை, முன்பல்லில் ஒரு சின்ன உடைசல். பின்னால் வந்துகொண்டிருந்த கூட்டாளியை அவன் கூப்பிட்ட கூப்பாட்டில் அவளுக்குக் கை ரோமம் எழுந்து நின்றது.

"ஏனுங் கண்ணு, பாடுவியா?"

"சினிமாப் பாட்டுன்னா பாடுவேனுங்க்கா."

"அது வேண்டாம். உன்ற வாயில வர்றதப் பாடு."

ரிக்கார்டுத் தட்டு வெட்டும் மெசின் ஒன்றை அவள் போத்தனூரில் ஒரு பாதிரியாரிடமிருந்து வாங்கியிருந்தாள். அவர் பிரசங்கம் பதிய வைத்திருந்தது. அலுமினியத்தின்மேல் கறுப்பு மெழுகு பூசிய வெறுந்தட்டுகள் நாலு அதனோடு வந்தன, அதற்குமேல் வாங்க எங்கே போவது என்று பாதிரியாருக்கும் தெரியவில்லை. மருது தன் சொந்தப் பாட்டைக் கொண்டுவந்தான், எலக்ட்ரீசியன் ஒருவன் தானே செய்த கிதாரோடு வந்தான். முதல் மூன்று தட்டும் பாழ். மருது எண்ணெய் வைத்துப் படிய வாரி, குரலையும் படிய வாரிக்கொண்டு, கல்யாண வீட்டில் பந்தியில் உட்கார்ந்தவனைப்போல அடக்கமாகப் பாடினான். மாராத்தாள் ஒவ்வொரு தட்டையும் கழற்றி ஓரமாக வைத்தாள். மத்தியானம் சோறும் போடவில்லை. கடைசித் தட்டை ஏற்றும்போது பசியிலும் ஆத்திரத்திலும் அவன் முகம் சிவந்திருந்தது, மணி ஐந்தாகப் போகிறது, "இதையும் கெடுத்துப்போட்டுப் போ" என்று அவள் சொன்னாள், அவன் கெடுக்கவில்லை.

*இழை அந்துபோச்சு, எட்டிப் புடி*
*கை நழுவிப்போச்சு, கட்டிப் புடி*

என்று அவன் பாடிய அந்த இரண்டே முக்கால் நிமிஷத்தில் கடை ஓடு அதிர்ந்தது. ஊசி தட்டை உழுது மெழுகுச் சுருளை வெளியே தள்ளியது. பாட்டின் நடுவில் மில் சங்கு ஊதியது, பதினைந்து எண்ணும் நேரத்துக்கு நீளமாக, தெரு முழுக்க நிறைந்து. கடையில் இருந்த ஒருவருக்கும் அது கேட்கவில்லை. பிறந்த நாளிலிருந்து நாளுக்கு மூன்று வேளை கேட்ட சங்கு அது, தங்கள் மூச்சுச் சத்தத்தைப்போல அதையும் கேட்காமல் இருக்க அவர்கள் பழகியிருந்தார்கள். தட்டைத் திரும்பப் போட்டுக் கேட்டபோதும் கேட்கவில்லை.

அந்தத் தட்டைப் போட்டால் ஐந்து மணி ஆகும் என்பதை ஊர் இரண்டு வாரத்தில் ஒத்துக்கொண்டுவிட்டது. டீக்கடைக்காரர் இட்லி மாவையும் பஜ்ஜி மாவையும் பக்கத்தில் பக்கத்தில் கரைத்து வைத்துக்கொண்டு, ஸ்பீக்கர் கரகரத்தால் இட்லிப் பானையை இறக்கி எண்ணெய்ச் சட்டியை ஏற்றினார். கோயில் குருக்கள் உச்சிகால பூஜையை விடிந்ததுமே முடித்துவிடலாமா என்று பெரியவர்களைக் கேட்டு, முடித்துவிடலாம் என்று தன் பதிலையும் தானே சொல்லிக்கொண்டார். பள்ளிக்கூடத்தில் கணக்குப் பாடம் மத்தியானத்துக்குப் பிறகு என்பதால் அந்த ரெண்டு மாசமும் ஐந்தாம் வகுப்புக்குக் கணக்கே வரவில்லை. மில் மானேஜர் சட்டம் தவறாத மனுஷன், தன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார், அது ஐந்து காட்டியது, ஐந்து மணிக்கு கேட்டைத் திறக்கவேண்டும் என்பது விதி, திறந்துவிட்டார். பிறகு தலைமை ஆபீசுக்கு நடந்ததை நடந்தபடி எழுதினார். கடிகாரத்தைப் பழுது பார்க்கும்படி அங்கிருந்து பதில் வந்தது.

ஆனால் ஊருக்கு மத்தியானம் இல்லாமல் போயிற்று. மத்தியானம் என்பது சாப்பிட்டு, பாயை உதறி, கொஞ்சம் கண்ணயர்கிற நேரம். அது போனதும் யாருக்கும் உடம்பு ஓரிடத்தில் நிற்கவில்லை. இரவு நீளமாக வந்தது, நீளமான இரவில் புரண்டு புரண்டு படுத்தார்கள், காலையில் எழுந்ததும் இன்றைக்கு எப்போது போடுவாளோ என்று கடைப்பக்கம் காதை வைத்துக்கொண்டே பல் விளக்கினார்கள். சாயப்பட்டறைக்காரர்கள் நூல் காயவில்லை என்று வந்து சத்தம் போட்டார்கள். நூற்புக் கூடத்துக்காரர்கள் நாளைக்கு இன்னும் கொஞ்சம் முன்னாடி போடுங்கக்கா என்று வந்து கெஞ்சினார்கள். ருக்காத்தாள் என்கிற மில்லுக்காரன் பெண்டாட்டி ஒருநாள் கடை வாசலில் உட்கார்ந்து அழுதாள்.

"அஞ்சடிச்சா என்ற ஊட்டுக்காரரு சீட்டாடப் போயிருவாருங்க. முன்னெல்லாம் ராத்திரி ஒம்போது வரைக்கும் ஆடுவாரு. இப்பப் பன்னெண்டுக்கே அஞ்சாயிருதா, அவுரு பாட்டுக்கு ஆடுறாருங்க. நீங்க பாட்டுப் போட்டா எனக்குப் பகலே இல்லீங்க."

"அது நல்ல பாட்டாச்சே ருக்கு."

"நல்ல பாட்டுத்தானுங்க. எனக்குங்கூடக் காலு தன்னால ஆடுது. அதென்னத்துக்கு நம்மூருலயே சுத்திச் சுத்திப் போடறீங்க? வெளியூருக்கு அனுப்புங்களே."

மாராத்தாளின் ஆசையும் அதுதான். அந்தக் குரல் கூம்பு ஸ்பீக்கர் எட்டுகிற ரெண்டு மைலோடு நின்றுபோகக்கூடாது, நாடெல்லாம் கேட்கவேண்டும், கேட்கிறவர்கள் கையிலுள்ளதைப் போட்டுவிட்டு எழுந்திருக்கவேண்டும். அதற்கு அவகாசமும் இல்லை. மெழுகுத் தட்டு நாற்பது ஐம்பது தடவைக்குமேல் தாங்காது, ஒவ்வொரு தடவை போடும்போதும் ஊசி கொஞ்சம் குரலைச் சுரண்டிக்கொண்டு போகிறது. ஏற்கெனவே ஐந்து மணி நாலே முக்காலாக வர ஆரம்பித்திருந்தது. பஞ்சாயத்துத் தலைவர் வாரத்துக்கு ஒரு தடவைதான் போடவேண்டும் என்று கட்டளை போட்டார், பிறகு தன் மகள் நிச்சயதார்த்தத்தன்று சாயங்காலம் வரக் காணோமே என்று அவரே ஆளனுப்பி இரண்டு தடவை போடச் சொன்னார். மாராத்தாள் பதினோரு ரிக்கார்டு கம்பெனிகளுக்குக் கடிதம் எழுதினாள். பத்துப் பேர் பதில் போடவில்லை.

பதினோராவது கம்பெனியிலிருந்து ஸ்ரீவத்சன் என்பவர் மெட்ராஸிலிருந்து நேரிலேயே வந்துவிட்டார். வெள்ளைச் சட்டை, சந்தனப் பொட்டு, கையில் தோல் பை. மாராத்தாள் பயபக்தியோடு தட்டை ஏற்றினாள். மருது மூலையில் கையைக் கட்டிக்கொண்டு நின்றான். பாட்டு முடிந்தபோது வெளியே நாலரை மணி வெயில், ஸ்ரீவத்சன் எட்டிப் பார்த்து, மூன்று மணி பஸ்ஸைத் தவறவிட்டோமே என்று மட்டும் சலித்துக்கொண்டார். பிறகு உள்ளே வந்து உட்கார்ந்தார்.

"பையன் குரல் பிரமாதம்மா. ஆனா நடுவுல ஏதோ சங்கு ஊதறதே?"

"எந்தச் சங்குங்க?"

"இதோ, இந்த இடத்துல. பாட்டையே அமுக்கிடறது பாருங்கோ."

திரும்பப் போட்டார்கள். மாராத்தாள் ஸ்பீக்கரில் காதை ஒட்டவைத்துக் கேட்டாள். மருது கேட்டான், கிதார்க்காரன் கேட்டான், வாசலில் நின்ற நாலைந்து பேரும் கேட்டார்கள். ஒருவருக்கும் கேட்கவில்லை. இல்லாத சங்கைச் சொல்லி இந்த ஆள் மட்டம் தட்டுகிறார் என்று மாராத்தாளுக்கு முதலில் கோபம் வந்தது. பிறகு அவர் முகத்தைப் பார்த்தாள், பொய் சொல்கிற முகமாக இல்லை.

"இந்தத் தட்டை வெச்சுண்டு நான் ஒண்ணும் பண்ண முடியாது. பையனை அனுப்புங்கோ. எங்க ரிக்கார்டிங் தியேட்டர்ல சுத்தமா எடுத்துக்கறோம், ஏழு வயலின் வெச்சு." அவர் தோல் பையைத் திறந்து பேனாவை எடுத்தார். "ரிக்கார்டு லேபிள்ல போடறதுக்காகக் கேக்கறேன். பாடினது அவன், எழுதினது அவன், கிதார் அவர். நீங்க இதுல என்ன பண்ணேள்?"

மாராத்தாள் வாயைத் திறந்தாள். தான் ஏதோ செய்திருக்கிறோம் என்பதில் அவளுக்குச் சந்தேகமில்லை, அந்த ஏதோவுக்குப் பெயர்தான் கிடைக்கவில்லை. மருது அவளுக்குக் கைகொடுக்க நினைத்து, பெருமையாகவே சொன்னான்:

"அக்காதானுங்க மெசின ஓட்டுனாங்க."

ஸ்ரீவத்சன் தலையாட்டிவிட்டு ஒன்றும் எழுதாமல் பேனாவை மூடினார்.

மருது அடுத்த பாட்டுகளையும் தன்னிடம்தான் பாடுவான் என்று மாராத்தாள் ஒரு காகிதம் எழுதி, அவன் கட்டைவிரல் ரேகையும் வாங்கி, மைக் பெட்டியில் போட்டு வைத்திருந்தாள். அன்று அதை எடுத்து அவன் கையில் கொடுத்தாள். அவளிடம் வெறுந்தட்டு ஒன்றுகூட மிச்சமில்லை, தட்டு இல்லாமல் ஒரு தொண்டையைக் கட்டிப்போட்டு வைப்பது பாவம் என்று அவளுக்குப் பட்டது. அவன் காலில் விழுந்தான், அழுதான், பஸ் வந்ததும் மகிழ்ச்சியாக ஏறிக்கொண்டான். பஸ் போனதும் மாராத்தாளுக்கு எரிந்தது. அவன் போனதற்காக அவ்வளவு எரியவில்லை, மெசின் ஓட்டினாள் என்ற அந்த ஒற்றை வாக்கியத்துக்காகத்தான் எரிந்தது.

அதற்குப் பிறகு தட்டு சீக்கிரமாகத் தேய்ந்தது. ஐந்து மணி நாலாகி, மூன்றாகி, ஒரு வியாழக்கிழமை பன்னிரண்டு மணிக்குப் போட்டபோது பன்னிரண்டே பத்துதான் ஆயிற்று. அடுத்த தடவை வெறும் இரைச்சல். சூரியன் அசையவில்லை. எண்ணூறு பேரும் கேட்டுக்கு உள்பக்கம் நின்று மானேஜர் முகத்தைப் பார்த்தார்கள், மானேஜர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார், எல்லாரும் வேலைக்குத் திரும்பினார்கள். ஊருக்கு மத்தியானம் திரும்ப வந்தது, ஆனால் அதை வைத்துக்கொண்டு என்ன செய்வதென்று மறந்துபோயிருந்தது. பாயை விரித்தார்கள், உட்கார்ந்தார்கள், எழுந்தார்கள், தெருவுக்கு வந்து நின்றார்கள். 'ஊசியால தேச்சுத் தேச்சே தட்ட அழிச்சுப்போட்டா' என்று மாராத்தாளைத் திட்டினார்கள். ருக்காத்தாளே வந்து, "ஒரேயொருக்கா போட முடியாதுங்களா?" என்று கேட்டுவிட்டுப் போனாள்.

மாராத்தாள் ஒரு காரியம் செய்தாள். தினமும் மாலை மில் மதிலுக்குக் கீழே போய், கண்ணை மூடிக்கொண்டு, சங்கைக் கேட்டே தீருவது என்று நின்றாள். மூன்றாம் நாள் கேட்டது. அப்பா, எவ்வளவு அசிங்கமான சத்தம், இத்தனை வருஷம் இதற்குள்ளா உட்கார்ந்து சோறு தின்றோம் என்று காதைப் பொத்திக்கொண்டாள். அன்றிலிருந்து அவளுக்குத் தூக்கம் போயிற்று. ஐந்து மணியைக் கொண்டுவந்தது இந்தச் சங்குதான் என்றால் மருது பாடியதும் வீண், அவள் காது கொடுத்துக் கேட்டதும் வீண், மெசின் ஓட்டியவள் மெசின் ஓட்டியவள்தான். கடையைத் திறப்பாள், பத்து நிமிஷத்தில் சாத்துவாள், பழைய செட்டைக் கழற்றுவாள், பாதியில் விட்டுவிட்டு மில் கேட்டுக்கு நடப்பாள். ஒரு கத்தலும் அவள் காதில் ஒட்டவில்லை.

தை மாதம் ஒரு புதன்கிழமை, மத்தியானம் ரெண்டு மணிக்கு, தபால்காரர் சைக்கிளில் வேர்க்க விறுவிறுக்க வந்தார். மெட்ராஸிலிருந்து டிரங்க் கால், மாராத்தாளின் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார்களாம். அவள் செருப்புகூடப் போடாமல் தபாலாபீசுக்கு ஓடினாள். போஸ்ட்மாஸ்டர் ஞானப்பிரகாசம் ரிசீவரைத் துண்டால் துடைத்துக் கையில் கொடுத்தார்.

"அக்கா, நாந்தானுங்க மருது." குரல் கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல இருந்தது, ஆனால் ஒவ்வொரு எழுத்தும் தெளிவாக விழுந்தது. "நாப்பத்தோரு தடவ பாடிட்டனுங்க. சாரு நல்லாருக்குது நல்லாருக்குதுங்கறாரு, ஆனா எடுத்தத மறுக்காக் கேட்டா அவுருக்கே கொட்டாவி வருது. இன்னைக்குச் சரியா வரலீன்னா ஊருக்கு அனுப்பீருவாங்களாட்டம் இருக்குது. நீங்க அன்னைக்கு என்னுங்க்கா பண்ணுனீங்க?"

மாராத்தாள் கண்ணை மூடிக்கொண்டாள். வழக்கம்போல அவன் என்ன சொல்கிறான் என்று கேட்கவில்லை. எப்படிச் சொல்கிறான் என்று கேட்டாள். தலையை வாரி, பணிவாக, பக்கத்தில் நிற்கிறவர்களுக்குத் தொந்தரவில்லாமல் சொல்கிறான். அவனுக்கு எதிரில் ஒரு ஆளும் இல்லை, வெறும் மைக்தான் இருக்கிறது என்று அவளுக்கு உடனே தெரிந்துபோயிற்று.

"எங்கிருந்து பேசற?"

"தியேட்டருக்குள்ளாறயிருந்துதானுங்க."

"போனத் தூக்கிட்டு மைக்குக்கிட்டப் போ. வயலினுக்காரங்கள கம்முனு இருக்கச் சொல்லு, கிதாரு மட்டும் போதும். சார மெசின ஓட்டச் சொல்லிப்போட்டு எங்கூடப் பேசு."

அந்தப் பக்கம் ஏதோ முணுமுணுப்பு, நாற்காலி நகர்ந்தது. "ஓடுதுங்க்கா" என்றான்.

"என்னது?"

"மெசினு ஓடுதுங்க!"

"ஒண்ணும் கேக்கல மருது. லைனு செரியில்ல."

போஸ்ட்மாஸ்டர் நிமிர்ந்து பார்த்தார். மூன்றடி தள்ளி உட்கார்ந்திருந்த அவருக்கே அவன் பேசுவது கேட்டுக்கொண்டிருந்தது. "லைன் நல்லாத்தானே இருக்குது?" என்றார். மாராத்தாள் அவரைப் பார்த்துக் கையை உதறி, சும்மா இருக்கச் சொன்னாள்.

"அக்கா! கேக்குதுங்களா!"

"கேக்கலீடா. என்ன பாட்டு அது, அதைச் சொல்லு."

"இழை அந்துபோச்சு!"

"என்ன போச்சு?"

"இழைங்க்கா! இழை அந்துபோச்சு!"

"தூரத்துல இருக்கறேன் கண்ணு. ஒரு மண்ணும் கேக்கல."

முந்நூறு மைல் தூரம், நாற்பத்தோரு தோல்வி, ஊரில் ஒரே ஒரு ஆளுக்குத்தான் அவன் பாட்டு வேண்டும், அந்த ஆளுக்கும் கேட்கவில்லை என்கிறாள். பிறகு கிதார் முழங்கியது. அவன் கத்தினான். நூறு மெசினுக்கு மேலே, மலைக்கு மேலே, காவேரிக்கு மேலே அவளை எட்டுவதற்காகக் கத்திப் பாடினான், பாட்டின் ஒவ்வொரு அடிக்கும் அவள் "கேக்கல" என்றாள், ஒவ்வொரு "கேக்கல"வுக்கும் அவன் குரலில் இன்னொரு கதவு உடைந்து திறந்தது. ரிசீவரைக் காதிலிருந்து ஒரு முழம் தள்ளிப் பிடித்துக்கொண்டாள். கண்ணில் நீர் தாரைதாரையாக ஓடியது, குரலில் மட்டும் அது தெரியாமல் "கேக்கல மருது, கேக்கல" என்று சொல்லிக்கொண்டே இருந்தாள்.

தபாலாபீசின் மேற்கு ஜன்னல் வழியாகச் சாய்ந்த வெயில் உள்ளே வந்து மேஜைமேல் விழுந்தது. வெளியே ரோட்டில் ரெண்டு மணி வெயில் அப்படியேதான் காய்ந்துகொண்டிருந்தது, மில்லும் ஓடிக்கொண்டிருந்தது. சங்கு எதுவும் ஊதவில்லை. ஞானப்பிரகாசம் கடிகாரத்தைப் பார்த்தார், அது ஐந்து காட்டியது, ஸ்டாம்பு டப்பாவை மூடினார், தபால் பையைக் கட்டி அரக்கு முத்திரை வைத்துவிட்டு, சட்டையை எடுத்து மாட்டிக்கொண்டார். மாராத்தாள் சங்கில்லாமல் வந்த அந்த வெயிலை ஒரு பார்வை பார்த்தாள்.

பாட்டு முடிந்தது. அந்தப் பக்கம் யாரோ ரிசீவரைப் பிடுங்கும் சத்தம், ஸ்ரீவத்சனின் மூச்சு வாங்கும் குரல்: "யாரும்மா பேசறது? அந்த மைக் செட் அம்மாவா? என்ன பண்ணேள் அவனை? சொல்லுங்கோ, என்ன பண்ணேள்?"

அவள் பதில் சொல்வதற்குள் டெலிபோன் எக்ஸ்சேஞ்சுப் பெண் நடுவில் நுழைந்தாள். ஆறு நிமிஷம் ஆகிவிட்டது, இன்னும் நீட்டிக்க வேண்டுமா என்று கேட்டாள்.

"வேண்டாங் கண்ணு" என்றாள் மாராத்தாள். "எடுத்தாச்சு."